நாற்பத்தேழில் நின்ற ஏணி

சங்கு ஊத ஆரம்பித்தது, நிற்கவே இல்லை.

யாரும் அதைத் தொடவில்லை. பிற்பகல் நேரத்தில் அந்த உள்ளரங்கத்தில் ஆட்டமும் இல்லை, கூட்டமும் இல்லை. நாற்காலிகளைத் துடைத்துக்கொண்டிருந்த பெண்கள் துணியைப் போட்டுவிட்டுக் காதைப் பொத்தினார்கள். கூரை இரும்பில் குடித்தனம் நடத்திய புறாக்கள் மொத்தமாகக் கிளம்பி, போக இடமில்லாமல் சுற்றின. மேனேஜர் தன் அறையிலிருந்து வாயை அசைத்துக்கொண்டே ஓடிவந்தார். என்ன சொன்னார் என்பது அவருக்கே கேட்டிருக்காது.

அவள் ஓடவில்லை. கையிலிருந்த டீ தளும்பாமல் நடந்து வந்து, மேசை மேலிருந்த இரும்புப் பெட்டியின் இடது கன்னத்தில் உள்ளங்கையால் ஒரு தட்டு தட்டினாள். சங்கு ஒரு விக்கல் விக்கிவிட்டு அடங்கியது.

பக்கத்து நாற்காலியில் இருந்த கணக்கப்பிள்ளை, காதிலிருந்து விரலை எடுத்தார். "பழகின கைம்மா. வீட்லயும் இப்படித்தான் ஒரு தட்டு தட்டுவியா?"

"அங்க சத்தம் போட ஆளே இல்லண்ணே. தட்ட வேலையே இல்ல" என்றாள்.

உண்மைதான். அவள் வீட்டுக்காரன் சத்தம் போடும் ஜாதி இல்லை. பேசுகிற ஜாதியே இல்லை.

கூடைப்பந்து ஆட்டத்தில் நேரம் முடிந்தால் அலறும் அந்த ஹாரனை அரங்கத்தில் எல்லோரும் சங்கு என்றுதான் சொல்வார்கள். மைதானத்தை ஒட்டிய நீள மேசையில் உட்கார்ந்து கடிகாரத்தை ஓட்டுவது அவள் வேலை. நடுவர் விசில் ஊதினால் நிறுத்த வேண்டும். பந்து கைக்கு வந்தால் ஓடவிட வேண்டும். ஒரு கண் பந்தில், ஒரு கண் நடுவரின் கையில், விரல் பொத்தானில். யார் எத்தனை பாயின்ட் எடுத்தார்கள் என்று குறித்துக்கொள்பவர் பக்கத்தில் உட்காரும் பெரியவர். அதனாலேயே அவருக்குக் கணக்கப்பிள்ளை என்று பெயர் வந்தது. இயற்பெயர் அவர் மனைவிக்கு மட்டும் ஞாபகம் இருக்கலாம்.

அவள் புருஷன் அந்த அரங்கத்தின் நட்சத்திரம். ஊரே அவனை ஏணி என்று கூப்பிட்டது. உயரத்துக்காக வந்த பெயர்தான். ஆனால் போகப் போக அதற்கு இன்னொரு பொருத்தமும் சேர்ந்துகொண்டது. அவன் மேல் கால் வைத்து மற்றவர்கள் ஏறினார்கள். பந்து கைக்கு வந்ததும் கூடையைப் பார்க்க மாட்டான். யார் சும்மா நிற்கிறான் என்று பார்ப்பான். அவன் கொடுத்த பந்தில் கூடை போட்டுப் பெரிய ஆள் ஆனவர்கள் வேறு ஊர்களில் கார் வைத்திருக்கிறார்கள். அவன் மட்டும் ஆட்டத்துக்குப் பத்து, பன்னிரண்டு பாயின்ட் என்று, அளவுச் சாப்பாட்டுக்காரன் மாதிரி, போதும் என்று எழுந்துவிடுவான்.

மூன்று நாட்களைத் தவிர.

அந்த மூன்று நாட்களைப் பற்றித்தான் இன்றைக்கும் டீக்கடையில் பேச்சு. முதல் முறை நாற்பத்தொன்று. அடுத்து நாற்பத்து நான்கு. கடைசியாக நாற்பத்தெட்டு. மூன்றும் சமனில் நின்று, கூடுதல் நேரம் வரை இழுத்த ஆட்டங்கள். அந்த நாட்களில் ஏணி ஆடியதைப் பார்த்தவர்கள் பார்த்தேன் என்று சொல்வதே ஒரு கம்பீரம். பார்க்காதவர்களும் பார்த்ததாகச் சொல்லிக்கொண்டார்கள். கணக்கு எடுத்தால், அந்த அரங்கம் கொள்கிற கூட்டத்தைப் போல நாலு மடங்கு பேர் அன்றைக்கு உள்ளே இருந்திருக்க வேண்டும்.

அவள் மட்டும் இல்லை.

முதல் முறை அம்மா வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பு உடைந்ததென்று வெளியூர் ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தாள். வராந்தாவில் யாரோ ஒருவர் அந்த ஆட்டத்தின் வர்ணனையை ரேடியோவில் அலறவிட்டுக்கொண்டிருந்தார். ஆடுவது என் வீட்டுக்காரர் என்று சொல்ல வாயெடுத்தாள். நர்ஸ் வந்து ரேடியோவை அணைத்துவிட்டுப் போனாள். இரண்டாவது முறை அக்காவுக்குப் பிரசவம். மூன்றாவது முறை புதிய கடிகாரப் பெட்டி வாங்கியபோது அதை இயக்கக் கற்றுக்கொள்ள அரங்கத்துக்காரர்களே அவளை அனுப்பியிருந்தார்கள். அதே பெட்டிதான் இப்போது கிழடு தட்டி, கன்னத்தில் அடி வாங்குகிறது.

ஒவ்வொரு முறையும் திரும்பி வந்து கேட்டிருக்கிறாள். எப்படிப் போட்டீங்க, எங்கிருந்து போட்டீங்க, கூட்டம் எழுந்து நின்னுச்சாமே. அவன் தட்டைப் பார்த்துக்கொண்டே, "விழுந்துச்சு" என்பான். அவ்வளவுதான். நாற்பத்தெட்டு பாயின்டுக்கு ஒற்றைச் சொல்.

இன்னொன்றும் கவனித்திருந்தாள். ஒவ்வொரு முறை திரும்பி வரும்போதும், அவள் விரித்துவிட்டுப் போன படுக்கை விரிப்பில் ஒரு சுருக்கம்கூட இருக்காது. அவன் அங்கே படுக்கவே இல்லை. கொண்டாட்டம் விடிய விடிய நடந்திருக்கும் போல என்று நினைத்துக்கொள்வாள். நினைத்துக்கொண்டே துவைக்கத் தேவையில்லாத விரிப்பை எடுத்துத் துவைக்கப் போடுவாள்.

ஊர் வாய் சும்மா இருக்குமா? அவ இருந்தா அவனுக்குக் கை ஓடாது என்று ஒரு பேச்சு கிளம்பியது. புருஷனுக்குச் சங்கு ஊதுற பொண்டாட்டி உலகத்துலயே நீ ஒருத்திதாம்மா என்று கணக்கப்பிள்ளை கேலி செய்யும்போது சிரிப்பவள்தான் அவள். ஆனால் இந்தப் பேச்சுக்குச் சிரிப்பு வரவில்லை. பொய் என்று தள்ளவும் முடியவில்லை. மூன்று முறை என்பது காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதை அல்லவே. அவள் பார்க்க, அவன் ஒருநாளாவது அப்படி ஆட மாட்டானா என்று ஒவ்வொரு ஆட்டத்துக்கும் காத்திருந்தாள். அவன் பன்னிரண்டில் நிறுத்தினான். இருவரும் வீட்டுக்கு நடந்தார்கள். பூட்டைத் திறப்பது அவள், குனிந்து நுழைவது அவன். இப்படியே வருஷங்கள் ஓடின.

இன்றைக்கு அவனுக்குக் கடைசி ஆட்டம். முழங்கால் போதும் என்று சொல்லிவிட்டது. வாசலில் ஆள் உயர விளம்பரம் வைத்து, 'ஏணி ஐம்பதைத் தொடுமா?' என்று கேட்டிருந்தார் மேனேஜர். மேல் வரிசை டிக்கெட்டுகள் மட்டும்தான் மிச்சம்.

"தங்கச்சி" என்றார் மேனேஜர், மூச்சு வாங்கியபடி.

மேனேஜர் வாயில் தங்கச்சி வந்தால் பின்னாலேயே ஒரு காரியம் வரும். சம்பளம் தள்ளிப்போனபோது தங்கச்சி; ஞாயிற்றுக்கிழமை வரச் சொன்னபோது தங்கச்சி. மற்ற நாட்களில் வெறும் 'இந்தாம்மா'. அவள் டீயை வைத்துவிட்டு நிமிர்ந்தாள்.

அவர் சுற்றி வளைத்துத்தான் வந்தார். ஏணியின் பெருமையைச் சொன்னார், முழங்காலுக்கு வருந்தினார், ரசிகர்களின் ஆசையைச் சொன்னார். கணக்கப்பிள்ளை பென்சிலைச் சீவிக்கொண்டே, விஷயத்துக்கு வரச் சொன்னார்.

"தப்பா எடுத்துக்காதீங்க தங்கச்சி. இன்னைக்கு ஒருநாள் மட்டும் நீங்க இந்த நாற்காலில உட்கார வேண்டாம். என் மச்சான் பாத்துக்குவான்."

மேனேஜரின் மச்சானுக்குச் செல்போன் பழுது பார்க்கும் கடை. பொத்தான் உள்ள எதுவும் தனக்கு அத்துப்படி என்று சொல்லித் திரிபவன்.

"ஏன்யா, ஒரு ஆள் நல்லா ஆடணும்னா கட்டினவள வெளிய அனுப்பணுமா?" என்றார் கணக்கப்பிள்ளை. பிறகு நியாயவான் போலத் தானே சேர்த்துக்கொண்டார். "ஆனா ஒண்ணும்மா, அந்த மூணு ஆட்டமும் நீ பார்த்திருக்கணும். கடைசில மட்டும் கை சோர்ந்துடும் அவனுக்கு. ஜெயிக்கிற ஃப்ரீ த்ரோவ ஒவ்வொரு தடவையும் விட்டுட்டான், பாவம். அதனாலதான் கூடுதல் நேரமே வந்துச்சு. வந்தப்புறம் பேய் மாதிரி ஆடினான்."

அவள் யோசித்தாள். மறுத்திருக்கலாம். ஆனால் மறுத்துவிட்டு உட்கார்ந்து, அவன் பன்னிரண்டு பாயின்டோடு கடைசி முறையாக வியர்வையைத் துடைத்துக்கொண்டு போவதைப் பார்ப்பதா? அதைவிட, அவன் ஒருமுறை அப்படி ஆடட்டும். அவனுக்குத் தெரியாமல் எங்கிருந்தாவது தானும் அதைப் பார்த்துவிட்டால் போதும். அந்த ஆசை ஒருமுறை தலையைத் தூக்கியதும், பிறகு அடங்க மறுத்தது.

"சரி" என்றாள். மேனேஜர் கும்பிடாத குறையாகப் போனார்.

உடை மாற்றும் அறைக்கு வெளியே இருந்த பெஞ்சில் ஏணி குனிந்து கணுக்காலுக்கு டேப் சுற்றிக்கொண்டிருந்தான். அக்காவுக்கு உடம்பு சரியில்லை, போன் வந்தது, சாயங்கால பஸ்ஸில் கிளம்புகிறேன், வர ரெண்டு நாள் ஆகும் என்று ஒரே மூச்சில் பொய் சொன்னாள்.

அவன் கை நின்றது. "இன்னைக்கேவா?"

"ஆமா."

சுற்றிய டேப்பைப் பிய்த்துவிட்டு மறுபடி முதலிலிருந்து சுற்ற ஆரம்பித்தான். "சரி."

போகாதே என்று ஒரு வார்த்தை சொன்னால் நின்றுவிடலாம் என்று அவள் கொஞ்ச நேரம் அங்கேயே நின்றாள். கடைசி ஆட்டத்துக்குக்கூட இரு என்று சொல்லத் தோன்றவில்லையே இந்த மனிதனுக்கு. பைக்குள் கைவிட்டு வீட்டுச் சாவியை எடுத்து நீட்டினாள். அவன் எப்போதும் சாவி வைத்துக்கொள்வதில்லை. அவள் ஊருக்குப் போனால்தான் சாவி அவன் கைக்குப் போகும். வாங்கினான். பையில் போடாமல் உள்ளங்கையிலேயே வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தான்.

சாயங்காலம் அரங்கம் நிரம்பி வழிந்தது. வாசலில் ஏணிப் படம் போட்ட தொப்பி விற்றார்கள். அவளும் ஒன்று வாங்கிக் கண்வரை இழுத்துவிட்டுக்கொண்டாள். தன் புருஷன் முகத்தைக் காசு கொடுத்து வாங்கித் தலையில் வைத்துக்கொண்டதை நினைத்துச் சிரிப்பு வந்தது. மேல் வரிசையில், தூணுக்குப் பக்கத்தில், புறாக்களுக்கு அடுத்த வீட்டில் இடம் கிடைத்தது.

இத்தனை வருஷத்தில் அரங்கத்தை அவள் மேலிருந்து பார்த்ததே இல்லை. கீழே தன் நாற்காலி இவ்வளவு சின்னதா? மச்சான் சட்டைக் கையை மடித்துவிட்டு விமானம் ஓட்டப் போகிறவன் தோரணையில் அதில் உட்கார்ந்திருந்தான். கணக்கப்பிள்ளை அவனிடமிருந்து ஒரு முழம் தள்ளி உட்கார்ந்திருந்தார்.

பக்கத்து நாற்காலியில் ஒரு பெண், பாப்கார்ன் பொட்டலத்தை மடியில் வைத்துக்கொண்டு, இவளிடமே தகவல் சொன்னாள். "தெரியுமா? வழக்கமா சங்கு ஊதுறது அவரோட பொண்டாட்டிதானாம். அந்தம்மா இருந்தா இவருக்குக் கை வராதாம். இன்னைக்கு வீட்லயே கட்டிப் போட்டுட்டாங்க போல."

"அப்படியா?" என்றாள் அவள். "நல்ல காரியம் பண்ணாங்க."

ஆட்டம் ஆரம்பித்தது. முதல் சில நிமிஷம் ஏணி வழக்கம் போலத்தான் இருந்தான். பந்தை வாங்கினான், கொடுத்தான். ஆனால் ஓட்டத்துக்கு நடுவில் அவன் தலை இரண்டு மூன்று தடவை மேசைப் பக்கம் திரும்பியதை அவள் பார்த்தாள். அங்கே மச்சானின் மடித்த சட்டைக் கை. அதன் பிறகு திரும்பவில்லை.

பிறகு போட ஆரம்பித்தான்.

மூலையிலிருந்து ஒன்று. வளையத்தைத் தொடாமல், வலை மட்டும் அசைந்தது. அடுத்தது இரண்டு பேருக்கு நடுவில் எழும்பி. அதற்கடுத்தது, எங்கிருந்து எறிந்தான் என்று பார்ப்பதற்குள் கூட்டம் எழுந்துவிட்டது. வாழ்நாளெல்லாம் மற்றவனுக்குப் பரிமாறியவன் திடீரென்று இலை போட்டு உட்கார்ந்துகொண்டதைப் போல இருந்தது. கொடு என்று கை நீட்டிய சகாக்களை அவன் பார்க்கவே இல்லை. முழங்கால் என்று ஒன்று இருப்பதையே மறந்தவன் போல ஓடினான்.

பக்கத்துப் பெண் பாப்கார்னோடு எழுந்து குதித்தாள். அவளும் எழுந்தாள். இதைத்தானே பார்க்க ஆசைப்பட்டாள். பார்க்கும்போதோ, கீழே ஓடுகிறவன் யாரோ ஒரு அந்நியன் மாதிரி இருந்தான். இந்த வேகமும் பசியும் வீட்டுக்குள் ஒருநாளும் வந்ததில்லை. தன் எதிரில் எட்டிக்கூடப் பார்த்ததில்லை. ஒரே கூரையின் கீழ் இத்தனை வருஷம் இருந்துவிட்டு, அந்த மனிதனைப் பார்க்க டிக்கெட் வாங்க வேண்டியிருக்கிறதே என்று நினைத்தபோது, கைதட்டிய கை அப்படியே நின்றது.

இருந்தாலும் கண் எடுக்க முடியவில்லை.

முப்பதைத் தாண்டினான். நாற்பதைத் தாண்டினான். ஒவ்வொரு கூடைக்கும் கூட்டம் எண்ணிக்கையைக் கத்தியது. எதிரணியும் லேசுப்பட்டதல்ல, விடாமல் துரத்தியது. கடைசி நொடிகளில் ஏணியின் அணி ஒரு பாயின்ட் பின்னால் இருந்தது. அவன் எழும்பும்போது ஒருவன் கையில் அடித்தான். விசில். இரண்டு ஃப்ரீ த்ரோ. யாரும் குறுக்கே வர முடியாது; கோட்டில் நின்று சாவகாசமாக எறியலாம். ஒன்று விழுந்தால் சமன். இரண்டும் விழுந்தால் வெற்றி.

முதல் பந்து விழுந்தது. சமன். "நாற்பத்தேழு!" என்று அரங்கம் அலறியது. அடுத்தது விழுந்தால் நாற்பத்தெட்டு. ஆட்டமும் கைக்கு வந்துவிடும்.

ஏணி ஃப்ரீ த்ரோ எறிவதை அவளைப் போலப் பார்த்தவர்கள் யாரும் இருக்க முடியாது. கைக்கெட்டும் தூரத்தில் உட்கார்ந்து ஆயிரக்கணக்கில் பார்த்திருக்கிறாள். பந்தை இரண்டு முறை தட்டுவான். இடது உள்ளங்கையைக் கால்சட்டையில் துடைப்பான். ஒருமுறை கடிகாரத்தைப் பார்ப்பான். பிறகுதான் எறிவான். எப்போதாவது தவறினால், பந்து வளையத்தைத் தொடும் முன்பே 'ச்' என்று நாக்கைத் தட்டுவான்.

இப்போது பந்தைத் தட்டினான். கையைத் துடைத்தான். கடிகாரத்தைப் பார்க்கவில்லை, மேசையைப் பார்த்தான். எறிந்தான். பந்து வளையத்தின் விளிம்பில் பட்டு வெளியே போனது. பல்லாயிரம் வாய்கள் 'ஐயோ' என்றன. அவன் வாய் மட்டும் அசையவில்லை.

அவளுக்குப் புரிந்துவிட்டது. அவன் தவறவிடவில்லை. வேண்டுமென்றே விட்டான்.

கணக்கப்பிள்ளை மத்தியானம் சொன்னது காதில் ஒலித்தது. மூன்று ஆட்டத்திலும் கடைசி ஃப்ரீ த்ரோ. கை சோரவில்லை, பாவமும் இல்லை. ஒவ்வொரு முறையும் வேண்டுமென்றேதான். எதற்கு? கூடுதல் நேரம் வேண்டும் என்று. கூடுதல் நேரம் எதற்கு? வேறு எதற்கு, இன்னும் பாயின்ட் எடுக்கத்தான். நாற்பத்தெட்டைத் தொட்டால் போதாது, தாண்ட வேண்டும். ஆக, இந்தப் பசி அவனுக்கு எப்போதும் இருந்திருக்கிறது. அவள் எதிரில் மட்டும் நல்ல பிள்ளையாகப் பன்னிரண்டில் எழுந்திருக்கிறான். அவள் ஊருக்குப் போகும் நாளுக்காகக் காத்திருந்திருக்கிறான்.

ஊர் சொன்னது சரிதான் என்று நினைத்துக்கொண்டாள். கண் கலங்கி, கீழே எல்லாம் மங்கலாகத் தெரிந்தது.

நேரம் முடிந்து சங்கு ஊதியது. ஊதிக்கொண்டே இருந்தது.

மச்சான் ஒரு பொத்தானை அழுத்தினான். பிறகு எல்லாப் பொத்தானையும் அழுத்தினான். பெட்டியைத் தூக்கிக் கீழே பார்த்தான். அரங்கமே காதைப் பொத்திக்கொண்டது. புறாக்கள் கிளம்பின. நடுவர் மேசைக்கு ஓடிவந்து கையை ஆட்டிக் கத்தினார். மேனேஜர் வயரைத் தேடி மேசைக்கு அடியில் நுழைந்து, தலையில் இடித்துக்கொண்டு வெளியே வந்தார்.

அவள் போக வேண்டும் என்று முடிவு செய்யவில்லை. கால்தான் இறங்கியது. அழுகிற பிள்ளை பக்கத்து வீட்டுடையதாக இருந்தாலும் எழுந்துவிடுகிற கால். படிகளில் இறங்கி, கயிற்றைத் தாண்டி, மேசைக்குப் போய், பெட்டியின் இடது கன்னத்தில் ஒரு தட்டு தட்டினாள்.

அமைதி.

தொப்பி நழுவிக் கீழே விழுந்தது. முன் வரிசையில் யாரோ அடையாளம் கண்டு, "அய்யய்யோ, வந்துட்டாங்கய்யா" என்றார்கள். சிரிப்பு பரவியது; சிரிப்போடு ஒரு முணுமுணுப்பும். மேனேஜர் கோழியை விரட்டுவது போலக் கையை ஆட்டினார். அவள் தலைகுனிந்து திரும்பினாள்.

நடுவர் தடுத்தார். "அம்மா, நீங்க உட்காருங்க. இந்த ஆள நம்பி நான் மிச்ச ஆட்டத்த நடத்த மாட்டேன்."

மச்சான் எழுந்துகொண்டான். அவள் தன் நாற்காலியில் உட்கார்ந்தாள். அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தாள்.

எதிரே பெஞ்சில், தலைமேல் துண்டோடு ஏணி உட்கார்ந்திருந்தான். பயிற்சியாளர் முன்னால் மண்டியிட்டு ஏதோ வரைந்து காட்டிக்கொண்டிருந்தார். ஏணி அதைப் பார்க்கவில்லை. அவளைப் பார்த்துக்கொண்டிருந்தான். தண்ணீர் பாட்டில் கையிலிருந்து உருண்டு போனதுகூடத் தெரியாமல் பார்த்தான். பயிற்சியாளர் முடிக்கும் முன்பே எழுந்து நின்றுவிட்டான்.

கூடுதல் நேரம் ஆரம்பித்தது. அவள் விரலுக்கு அடியில் நேரம் ஓடியது. போடுங்க என்று மனதுக்குள் கெஞ்சினாள். நான் இருக்கிறேன் என்று பார்க்காதீங்க. ஒரே ஒரு தடவை என் எதிரில் போடுங்க.

முதல் பந்து ஏணியின் கைக்கு வந்தது. கொடுத்துவிட்டான். இரண்டாவதும் வந்தது. அதையும் கொடுத்தான். கொடுத்துவிட்டு ஓடும்போது அவன் முகத்தில் இதுவரை இல்லாத ஒரு இளக்கம்.

"ஆரம்பிச்சுட்டான்யா பந்தியப் பரிமாற" என்று முனகினார் கணக்கப்பிள்ளை.

மேலேயிருந்து கூட்டம் அவன் பெயரைச் சொல்லி, போடு போடு என்று கத்தியது. அவன் காதில் விழுந்ததாகத் தெரியவில்லை. அவன் கொடுத்த பந்துகளில் மற்றவர்கள் கூடை போட்டார்கள். எதிரணியும் போட்டது. மறுபடி சமனாக வந்து நின்றது. கடைசி நொடிகள். பந்து எங்கெங்கோ போய் ஏணியிடம் வந்தபோது அவன் வளையத்துக்கு நேர் கீழே, தனியாக, எட்டினால் தொடும் உயரத்தில் நின்றான். வைத்தால் போதும். நாற்பத்தொன்பது. அரங்கம் மூச்சை அடக்கியது. அவளும் அடக்கினாள்.

அவன் பக்கவாட்டில் ஓடிவந்த ஒருவனிடம், அணியிலேயே குள்ளமானவனிடம், பந்தை மெதுவாகத் தள்ளினான். குள்ளன் போட்டான். விழுந்தது. சங்கு ஊதி, ஒழுங்காக நின்றது.

அணி வென்றது. ஏணி நாற்பத்தேழில் நின்றுவிட்டான்.

கூட்டம் கைதட்டியது, தட்டிக்கொண்டே பெருமூச்சும் விட்டது. கல்யாணச் சாப்பாட்டில் பாயசம் வராமல் போன முகத்தோடு எல்லோரும் வெளியேறினார்கள். மாலை போட்டார்கள், பேசச் சொன்னார்கள். மைக்கைப் பிடித்து, "நன்றி, வீட்டுக்குப் போகணும்" என்று மட்டும் சொன்னான் ஏணி. எல்லோரும் சிரித்தார்கள். பாப்கார்ன் பெண் போகிற போக்கில் இவளை அடையாளம் கண்டு, வாயைப் பொத்திக்கொண்டு கூட்டத்தில் மறைந்தாள். மேனேஜர் அவளிடம் பேசவில்லை. நாளை முதல் மறுபடி 'இந்தாம்மா'தான்.

கணக்கப்பிள்ளை பென்சிலைக் காதில் செருகிக்கொண்டு எழுந்தார். "ஊர் பேச்ச நிரூபிச்சுட்ட போம்மா" என்று கேலியாக ஆரம்பித்தவர், அவள் முகத்தைப் பார்த்துவிட்டுத் தோளில் தட்டிவிட்டுப் போனார்.

விளக்குகள் வரிசை வரிசையாக அணைந்தன. அவள் வயரைச் சுற்றிக்கொண்டிருந்தாள். வியர்வை காயாத தலையோடு, பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, ஏணி வந்து மேசைக்கு எதிரில் நின்றான். கால் நொண்டியது. வயரின் மறுமுனையை எடுத்துச் சிக்கெடுத்துக் கொடுத்தான்.

"அக்காவுக்கு எப்படி இருக்கு?"

"நல்லாத்தான் இருக்கா. பொய் சொன்னேன்."

"ம்."

அவளுக்குப் பொறுக்கவில்லை. "நீங்க உச்சுக் கொட்டலயே. அந்த ரெண்டாவது பந்த வேணும்னுதானே விட்டீங்க?"

அவன் தன் காலணியைப் பார்த்தான்.

"முன்னாடி மூணு தடவையும்?"

"ம்."

"நான் இல்லாதப்பதான் ஆட்டம் இனிக்குதுன்னா, எங்கிட்டயே சொல்லியிருக்கலாமே. நானே வேற வேலைக்குப் போயிருப்பேன். இத்தன வருஷம் இந்த நாற்காலில உட்கார்ந்து, என்னைக்காவது ஒருநாள் எனக்காகப் போடுவீங்கன்னு..." வயரை இழுத்துச் சுற்றினாள்.

அவன் குனிந்து, வலது காலுறைக்குள் விரலை விட்டு எதையோ எடுத்தான். ஆட்டம் முழுக்கக் கணுக்காலை அழுத்திக்கொண்டிருந்த வீட்டுச் சாவி. வியர்வையில் நனைந்து, அவன் உடம்புச் சூட்டோடு இருந்தது. அதை அவள் உள்ளங்கையில் வைத்து, விரல்களை மூடிவிட்டான். மூடிய கையை விடவில்லை. பிறகு, ஒருநாளும் அத்தனை வார்த்தை பேசாத மனிதன், பேசினான்.

"நீ ஊருக்குப் போனா இத எங்கிட்ட குடுத்துட்டுப் போயிடுற. பந்து எங்கையில இருக்கிற வரைக்கும் வீட்ட மறந்திருக்கலாம். ஆட்டம் முடிஞ்சா, அந்தக் கதவ நான் தனியா தொறக்கணுமே."